இரண்டாவது கிண்ணம்

தன் புருஷன் பவுல்ராஜின் இதயம் நெஞ்சுக்குள் ஒன்றும் பெங்களூரில் ஒரு கிண்ணத்துக்குள் ஒன்றுமாக இரண்டு இடத்தில் துடிக்கிறது என்ற சேதியைச் செல்வமேரி இன்னும் நம்பவில்லை.

அவளைக் குற்றம் சொல்லக் கூடாது. கொடைக்கானலில் ஒரு போர்டிங் ஸ்கூல் சமையல்கட்டை முப்பது வருஷம் கட்டி ஆண்டவள். காணாமல் போன கட்லெட்டை, வரிசையில் நின்ற பையன்களின் வாயை முகர்ந்தே மீட்டவள். வாசலுக்கு வருகிற பாலை விரலால் தொட்டு, நாக்கில் வைத்து, வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்து, அதற்கப்புறமும் பால்காரரின் கண்ணை ஒருமுறை உற்றுப் பார்த்துவிட்டுத்தான் பாத்திரத்தை நீட்டுவாள். அவளைப் பார்த்தாலே மாடு பயந்துபோய்க் கெட்டிப் பாலாகக் கறக்கும் என்று ஊரில் பேச்சு.

முன்கதை அதிகமில்லை. மே மாசத்து சீசன் நெரிசலில் டூரிஸ்ட் ஜீப் ஓட்டிக்கொண்டிருந்த பவுல்ராஜ், ஸ்டியரிங்கைப் பிடித்தபடியே மயங்கிச் சரிந்தார். நல்லவேளை, வண்டி நின்றுகொண்டிருந்தது. மதுரை டாக்டர் பார்த்துவிட்டு, இதயம் அடிக்கிற தாளத்தில் கோளாறு, குடும்பத்தில் வழிவழியாக வருவது என்றார். பவுல்ராஜின் தம்பி அருள்பிரகாஷ், மன்னவனூரில் கேரட் மூட்டையைத் தோளில் ஏற்றிய மேனிக்கே விழுந்து செத்தது எதனால் என்று அன்றைக்குத்தான் வீட்டுக்குப் புரிந்தது. பெங்களூரில் ஓர் ஆய்வகத்தில் வேலை பார்க்கும் மகள் ஆக்ஸிலியா, அப்பாவின் ரத்தத்தைக் குழாயில் பிடித்துக்கொண்டு போனாள். மகன் ராபின் ஜீப்பை ஓட்ட ஆரம்பித்தான். வருகிற தை மாசம் அவனுக்கும் ஜெனிக்கும் கல்யாணம். அப்பன்காரனின் காய்கறி பிக்கப்பைப் பூம்பாறை வளைவுகளில் ஒற்றைக் கையால் ஓட்டுகிற பெண் ஜெனி. “எம்மருமக கியர் போட்டா மலையே ஒதுங்கி வழிவிடும்” என்று செல்வமேரி கோயில் வாசலில் நின்று சொல்லிக்கொள்வாள்.

இப்படி எல்லாம் ஒழுங்காகப் போய்க்கொண்டிருந்தபோதுதான், முந்தாநாள் சொல்லாமல் கொள்ளாமல் ஆக்ஸிலியா வந்து இறங்கினாள்.

கிறிஸ்துமஸுக்கே லீவு கிடைக்கவில்லை என்று மூக்கைச் சிந்துகிறவள், ஐப்பசி மழையில் எதற்கு வந்தாள்? அன்றிலிருந்தே செல்வமேரியின் மூக்கு வேலை செய்ய ஆரம்பித்துவிட்டது.

நேற்று சாயங்காலம் காபி குடிக்கும்போது ஆக்ஸிலியா போனில் படம் காட்டினாள்.

“அம்மா, ரத்தத்துல இருக்குற செல்லை எடுத்து, அதைப் பின்னோக்கி நடக்க வெச்சு, கரு உண்டான புதுசுல இருந்த நிலைமைக்குக் கொண்டுபோறோம். அதுதான் செயற்கை ஸ்டெம் செல். அப்புறம் அதை எதுவா வேணாலும் வளக்கலாம். நாங்க இதயத் தசையா வளத்தோம்.”

“அதாவது, வெந்த இட்லியைத் திரும்ப மாவாக்கிட்டேங்கிற.”

“கிட்டத்தட்ட.”

“அந்த மாவுல தோசை ஊத்திட்டே.”

“அதேதாம்மா!”

“முப்பது வருஷம் மாவாட்டுனவகிட்ட வந்து சொல்ற பொய்யாடி இது?”

ஆனால் போனில் அது துடித்தது. கடுகளவு இளஞ்சிவப்புத் துணுக்கு. சுருங்கி, விரிந்து, நடுவில் ஒருமுறை தடுக்கி, மறுபடி சுருங்கியது. பவுல்ராஜ் படியிறங்குகிற நடையேதான். அடுத்த படத்தில், மதுரை டாக்டர் அவருக்கு எழுதிக்கொடுத்த அதே மருந்தைக் கிண்ணத்தில் விட்டிருந்தார்கள். தடுக்கல் நின்று, பள்ளிக்கூடத்துப் பிள்ளைகள் வரிசையில் நடப்பதுபோல ஒரே சீராகத் துடித்தது.

“ஒடம்புல சோதிச்சுப் பாக்குறதுக்குப் பதிலா கிண்ணத்துல சோதிச்சுப் பாக்குறோம். இந்த ஆளுக்கு இந்த மருந்து ஒத்துக்குமான்னு ஆளைத் தொடாமலே ஒரு துப்பு கெடைக்கும். இன்னும் ஆராய்ச்சி அளவுலதான் இருக்கு. ஆனா அப்பா விஷயத்துல டாக்டர் சொன்னதும் கிண்ணம் சொன்னதும் ஒண்ணாவே இருக்கு.”

பவுல்ராஜுக்குத் தலைகால் புரியவில்லை. இன்று காலைக்குள் பஸ் ஸ்டாண்டு முதல் கோக்கர்ஸ் வாக் வரை அத்தனை பேருக்கும் சொல்லி முடித்துவிட்டார். மளிகைக்கடை கிபாயத்துல்லா பாயிடம் மட்டும் மூன்று தடவை. மிச்சமிருந்தது ஏரியில் மிதக்கிற படகுகள்தான். அவற்றுக்கும் அரசல்புரசலாகத் தெரிந்திருக்கும்.

செல்வமேரியின் கண் வேறொன்றில் விழுந்திருந்தது. ஆக்ஸிலியாவின் விரல் தவறி, திரையில் மூன்றாவதாக ஒரு படம் ஓடியது. இன்னொரு கிண்ணம். அதில் இருந்த துணுக்கு சுருங்கியது, நின்றது, யோசித்தது, திடீரென்று படபடத்தது.

ஆக்ஸிலியா போனைக் கவிழ்த்து வைத்தாள்.

“அது யாருது?”

“அது… சும்மா, ஒப்பிட்டுப் பாக்குறதுக்கு. நல்ல ஆரோக்கியமான ஆள் ஒருத்தரோடது.”

“ஆரோக்கியமான ஆளுது ஓடுனா ஒனக்கு ஏண்டி மூஞ்சி வெளுக்குது?”

ஆக்ஸிலியா போனோடு எழுந்து உள்ளே போனாள். காபி ஆறிப்போனதுதான் மிச்சம்.

*

இன்று கல்லறைத் திருநாள். வெள்ளனே எழுந்து கல்லறைக்குப் போய் புல் செதுக்கிவிட்டு வந்தார் பவுல்ராஜ். அருள்பிரகாஷுக்குப் பிடித்த சுண்டல் அடுப்பில் கொதித்தது. பாதி வேகும்போது கேஸ் தீர்ந்தது.

“ஏலே ராபின், சிலிண்டரைத் தூக்கிட்டு வா!”

ராபின் எழுந்திருக்கவில்லை. அதற்குள் ஆக்ஸிலியா, பல் தேய்த்துக்கொண்டிருந்த வாயோடு பின்கட்டுக்கு ஓடி, சிலிண்டரை மார்போடு கட்டிப்பிடித்துத் தத்தித் தத்தித் தூக்கிக்கொண்டு வந்தாள். சின்ன வயதில் இவள் தண்ணீர்க்குடம் தூக்குவதற்கே தலைவலி என்று படுத்துக்கொண்டவள்.

‘சரி, ஒண்ணு’ என்று செல்வமேரி மனசுக்குள் முடிந்து வைத்தாள்.

காபியில் சர்க்கரை போட மறந்துவிட்டாள். பவுல்ராஜ் அதை மடமடவென்று குடித்துவிட்டு, “பிரமாதம்” என்றார். கல்யாணமான நாளிலிருந்து நேற்றுவரை காபியில் குறை சொல்லாத காலை கிடையாது. அந்த மனுஷன் வாயில் ஒரு ரகசியத்தைப் போட்டால், தொண்டையில் எலுமிச்சம்பழம் சிக்கினதுபோல முழிப்பார். இப்போது அப்படித்தான் முழித்துக்கொண்டிருந்தார்.

‘ரெண்டு.’

ராபின் வீடு முழுக்க ஜீப் சாவியைத் தேடினான். “மன்னவனூர் ஆட்டுப் பண்ணையைப் பாக்க ஒரு பார்ட்டி நிக்குதும்மா. சாவியைப் பாத்தியா?” என்று கேட்டான். ஆனால் தேடுகிற கைக்கு வேகம் இல்லை. கிடைக்காவிட்டால் நல்லது என்கிற மாதிரி மெத்தனமாகத் துழாவினான்.

ஆக்ஸிலியா செவ்வந்திப்பூ வாங்கக் கடைவீதிக்குப் போன நேரம். சோறு வைக்க அரிசி டின்னுக்குள் படியை விட்டாள் செல்வமேரி. ணங் என்றது. அரிசிக்குள் என்றைக்கு இரும்பு விளைந்தது என்று கையை விட்டுத் துழாவினால், ஜீப் சாவி!

அத்தனை துண்டுகளும் பொருந்திவிட்டன. அவளுக்குத் தோன்றிய மாத்திரத்தில் பொருந்திவிட்டன என்றுதான் சொல்ல வேண்டும். பெரிய படிப்புப் படித்த அக்காவுக்கு, பிக்கப் ஓட்டுகிற பெண் தம்பிக்குப் பெண்டாட்டியாக வருவது பிடிக்கவில்லை. தம்பியைப் பெங்களூருக்குக் கூட்டிக்கொண்டு போக வந்திருக்கிறாள். ஜெனி வீட்டுப் பக்கம் போய்விடாதபடி சாவியை ஒளித்து வைத்திருக்கிறாள். அப்பனும் உடந்தை!

“ராபின், இங்க வா.” அவன் உள்ளங்கையில் சாவியை வைத்து விரல்களை மடக்கினாள். “ஒங்க அக்கா வர்றதுக்குள்ள வெரசா கெளம்பு. ஜெனியைப் பாத்துட்டு, அப்புறம் ஒன் சோலியைப் பாரு. யார் என்ன சொன்னாலும் அந்தப் பொண்ணை விட்டுறாத.”

“ஜெனியை நான் விடுறதா? யாரும்மா சொன்னது?”

“ஒருத்தரும் சொல்லல. நானே கண்டுபிடிச்சேன்.”

ராபின் சாவியைச் சுடுகல்லைப் பார்ப்பதுபோலப் பார்த்தான். ஏதோ சொல்ல வாயெடுத்தான். பிறகு, பள்ளிக்கூடம் சேர்த்த நாளுக்கப்புறம் செய்யாத ஒன்றைச் செய்தான். அம்மாவைக் கட்டிப்பிடித்துக்கொண்டான்.

‘மூணு’ என்றாள் அவள், அவன் தோளுக்குள்ளேயே.

ஜன்னல் வழியே பார்த்தாள். ஜீப்புக்குப் பக்கத்தில் பவுல்ராஜ், மகனின் சட்டைப் பையில் எதையோ சொருகினார். வெள்ளியாகப் பளபளத்தது.

“என்னத்தைங்க சொருகுறீங்க?”

பவுல்ராஜ் துள்ளித் திரும்பினார். “அந்தோணியார் சுரூபம், மேரி! வழித்துணைக்கு!”

தொண்டையில் எலுமிச்சம்பழம் இன்னும் பெரிதாக இருந்தது.

*

மூன்று மணிக்கெல்லாம் மஞ்சு இறங்கி, கல்லறைத் தோட்டம் பாதி மேகத்துக்குள் கிடந்தது. கழுவிச் சுண்ணாம்படித்த கல்லறைகள், செவ்வந்தி மாலை, சாம்பிராணிப் புகை. காற்றுக்குத் தப்ப மெழுகுவத்திகளை ஜாம் பாட்டிலுக்குள் ஏற்றி வைத்திருந்தார்கள். கூட்டத்தைப் பார்த்தால் கொடைக்கானலில் உயிரோடிருப்பவர்கள் அத்தனை பேரும், இடமிருந்தால் செத்தவர்களும், எழுந்து வந்து நிற்பதுபோலிருந்தது.

அந்தப் பங்குக் கோயிலில் ஒரு வழக்கம். சாமியார் தீர்த்தம் தெளித்துக்கொண்டே முன்னால் போவார். அவருக்கு உதவியாக இருக்கும் உபதேசியார் நீள வயர் மைக்கோடு பின்னால் வந்து ஒவ்வொரு கல்லறையிலும் நிற்பார். வீட்டுக்காரர் ஒருவர் மைக்கில் இறந்தவரின் பெயரைச் சொல்வார். உடனே மொத்தக் கூட்டமும், செத்தவர்களுக்கான செபமாக, “நித்திய இளைப்பாற்றியை இவர்களுக்கு அளித்தருளும் ஆண்டவரே” என்று பதில் சொல்லும். பத்துக் கல்லறை தாண்டினால் பெயர் காதில் விழவே வேண்டாம். வாய் தானாகச் சொல்லிவிடும்.

வழியெல்லாம் ஆக்ஸிலியா, “ராபின் எங்கம்மா?” என்று நச்சரித்தாள்.

“வருவான்” என்றாள் செல்வமேரி, வெற்றிப் பெருமிதத்தில்.

அருள்பிரகாஷின் கல்லறை வந்தது. மைக் பவுல்ராஜ் கைக்குப் போனது. ஜீப் ஓட்டிய காலத்தில் டூரிஸ்ட்டுகளுக்கு, தூண்பாறை தானாக வளர்கிறது என்று கூசாமல் சொன்ன வாய் அது. மைக் கிடைத்தால் விடுமா?

“என் தம்பி அருள்பிரகாஷ்…”

“நித்திய இளைப்பாற்றியை இவர்களுக்கு அளித்தருளும் ஆண்டவரே.”

உபதேசியார் கையை நீட்டினார். பவுல்ராஜ் மைக்கைக் கொடுக்கவில்லை. தம்பி கல்லறையைப் பார்த்ததும் அந்த எலுமிச்சம்பழம் கரைந்துவிட்டது.

“அப்படியே எல்லாரும் வேண்டிக்கங்க. பெங்களூர்ல கிண்ணத்துல துடிக்கிற என் இதயத்துக்காக… அதுக்குப் பக்கத்துல, ரெண்டாவது கிண்ணத்துல, தாளம் தப்பித் துடிக்கிற என் மகன் ராபினோட இதயத்துக்காக…”

கூட்டம் யோசிக்கவில்லை. ஒரே குரலில் சொன்னது.

“நித்திய இளைப்பாற்றியை இவர்களுக்கு அளித்தருளும் ஆண்டவரே!”

மலையில் மோதி அது திரும்ப வந்தது. தீர்த்தம் தெளித்துக்கொண்டிருந்த சாமியாரின் கை பாதியில் நின்றது. உபதேசியாரின் வாய் திறந்தது திறந்தபடி.

செல்வமேரி மைக்கைப் பிடுங்கினாள்.

“எம்மவன் உயிரோட இருக்கான்!” ஸ்பீக்கர் கீச்சென்று அலறியது. “இப்பச் சொன்னதை எல்லாரும் வாபஸ் வாங்குங்க! ஒருத்தர் விடாம வாபஸ் வாங்குங்க!”

எப்படி வாபஸ் வாங்குவது என்று எந்தச் செபப் புத்தகத்திலும் இல்லை. கூட்டம் ஒருவர் மூஞ்சியை ஒருவர் பார்த்தது. முன்வரிசையில் யாரோ மெதுவாக, “வாங்கிட்டோம்க்கா” என்றார்கள்.

மைக்கை உபதேசியார் மேல் போட்டுவிட்டு மகளின் முழங்கையைப் பற்றினாள் செல்வமேரி. சாம்பிராணிப் புகைக்கு அந்தப் பக்கம், சவுக்கு மரத்தடிக்கு இழுத்துக்கொண்டு போனாள். பவுல்ராஜ் பின்னாலேயே ஓடிவந்தார்.

“சொல்லுடி. இப்பச் சொல்லு.”

“ஒப்பிட்டுப் பாக்க, இதே குடும்பத்துல நல்ல இதயம் ஒண்ணு வேணும்னாங்கம்மா.” ஆக்ஸிலியா கைப்பையின் வாரை முறுக்கினாள். “ராபின்தான் சிரிச்சுக்கிட்டே கையை நீட்டுனான். என்னுது நல்லா எஞ்சின் மாதிரி ஓடும், எடுத்துக்கன்னான். அப்பா கிண்ணத்தைத்தான் சந்தேகமாப் பாத்தோம். கடைசியில கெட்டது அவனோடது. அதைச் சொல்லத்தான் வந்தேன். நாளைக்கு மதுரைக்குக் கூட்டிட்டுப் போறேன், அதுவரைக்கும் வண்டியைத் தொடாத, பாரம் தூக்காதன்னேன். சரின்னான். ஆனாலும் எனக்கு நம்பிக்கை இல்ல. அதான் சாவியை அரிசிக்குள்ள…”

செல்வமேரி, யாருடையது என்று தெரியாத கல்லறை ஒன்றின் மேல் உட்கார்ந்தாள்.

“சாவியை நான் குடுத்துட்டேன்.”

“அம்மா!”

“நீ ஜெனியைப் பிரிக்கப் பாக்குறேன்னு நெனச்சேன். வெரசாப் போன்னு நான்தான் வெரட்டிவிட்டேன்.” அவள் புருஷனை நிமிர்ந்து பார்த்தாள். “நீங்க பாத்துக்கிட்டுத்தான நின்னீங்க? ஏன் தடுக்கல?”

“தடுத்தா நீ ஏன்னு கேப்பியே! ஒங்கிட்ட சொல்லக் கூடாதுன்னு சத்தியம் வாங்கியிருந்தா இவ.” பவுல்ராஜ் கைக்குட்டையால் முகத்தைத் துடைத்தார். “ஆனா நான் சும்மா அனுப்பல. படபடப்பு வந்தாப் போட்டுக்கடான்னு என் மாத்திரைப் பட்டையைத்தான் பையில வெச்சு விட்டேன். எனக்குக் கேக்குதுல்ல? ஒரே ரத்தந்தானே!”

வெள்ளியாகப் பளபளத்தது அந்தோணியார் இல்லை.

ஆக்ஸிலியா அப்பாவின் கையைப் பற்றினாள். “அப்பா… அந்த மாத்திரையா?”

“ஆமா. ஏன்?”

“அந்த மருந்தை அவன் கிண்ணத்துல விட்டுப் பாத்தோம்ப்பா. உங்களுது ஒழுங்காச்சு. அவனுது…” அவள் முடிக்கவில்லை. கையால் ஒரு படபடப்பைக் காட்டி, பிறகு விரல்களை அப்படியே விரித்து நிறுத்தினாள்.

ராபின் நம்பருக்குப் போட்டார்கள். தொடர்பு எல்லைக்கு வெளியே. மறுபடி போட்டார்கள். அதே குரல், அதே சேதி. அந்தப் போன்காரியின் நிதானத்தைப் பார்த்து, இவளுக்கும் இதில் பங்கிருக்குமோ என்றுகூடச் செல்வமேரிக்குத் தோன்றியது. பவுல்ராஜ் தன் நெஞ்சைப் பிடித்துக்கொண்டார். “நீங்க வேற ஆரம்பிக்காதீங்க!” என்று அவள் ஒரு அதட்டு அதட்டினாள். கையை எடுத்துவிட்டார்.

மூன்று பேரும் கேட்டை நோக்கி ஓட, ஆக்ஸிலியாவின் கையில் போன் அதிர்ந்தது. ஜெனி.

செல்வமேரி அதைப் பிடுங்கிக் காதில் வைத்தாள். “எங்கடி எம்மவன்?”

“அத்தை, பூம்பாறையில நிக்கிறோம். இங்கதான் டவர் கெடைச்சுச்சு. இத்தனை தடவை கூப்பிட்டிருக்கீங்க, என்னாச்சு?”

“அவனை வண்டியை விட்டு எறங்கச் சொல்லு!”

“எங்க வீட்டைத் தாண்டி அவரு எங்க ஓட்டுனாரு? காலையில நேரா எங்க வீட்டுக்கு வந்து, அக்கா சொன்னதையெல்லாம் சொல்லி, சாவியை எங்கிட்ட குடுத்துட்டாரு. நான்தான் ஓட்டுறேன். பார்ட்டியைப் பண்ணையில விட்டுட்டுத் திரும்பிக்கிட்டு இருக்கோம்.”

மலை ஒதுங்கி வழிவிட்டது. செல்வமேரிக்கு மூச்சு வந்தது, ஆனால் பாதிதான்.

“மாத்திரை? அவன் சட்டைப் பையில மாத்திரை இருக்கும், ஜெனி!”

“ஆமா அத்தை, கொஞ்சம் படபடப்பா இருக்குன்னு இப்பத்தான் கையில எடுத்தாரு. தண்ணி பாட்டிலைத் தேடிக்கிட்டு…”

“தட்டி விடு! கையைத் தட்டி விடுடி!”

போனுக்குள் ஒரு சத்தம். ஏதோ கீழே விழுந்தது. “ஏய், என்ன இது!” என்று ராபினின் குரல். கோபமான, முழு உயிருள்ள குரல். அதைவிட இனிமையாக எந்தக் கோயில் பாடகர் குழுவும் பாடியதில்லை.

“தட்டி விட்டுட்டேன் அத்தை. முழுங்கல.”

“அவனை அசையாம உக்காரவெச்சு நேரா ஆஸ்பத்திரிக்குக் கொண்டா. நாங்க வாசல்ல நிக்கிறோம்.”

போனை மகளிடம் நீட்டினாள். பவுல்ராஜ் கல்லறைத் தோட்டத்துச் சுவரில் சாய்ந்து, செத்துப்போன தம்பியிடம் ஏதோ முணுமுணுத்துக்கொண்டிருந்தார். சாவிக்கும் மாத்திரைக்கும் சேர்த்து மன்னிப்பு கேட்டிருக்கலாம்.

பயம் கொஞ்சம் இறங்கியதும் செல்வமேரியின் மூக்கு பழையபடி வேலை செய்யத் தொடங்கியது.

“ஏண்டி, ஒரே வியாதிக்கு ஒரே மாத்திரை. அப்பனைக் காப்பாத்துறது மவனுக்கு ஏன் ஆகாது?”

ஆக்ஸிலியா மேகத்தைப் பார்த்தாள்.

“ஒரே வியாதி இல்லம்மா. ராபினுக்கு இருக்குறது அப்பாவோட கோளாறே இல்ல. வேற.”

“அப்ப, சித்தப்பா அருள்பிரகாஷுக்கு இருந்தது?”

“அதுவும் இல்ல. அந்தப் பக்கத்துல இருந்து வரல.”

செல்வமேரி அந்தப் பக்கத்தைப் பார்த்தாள். பவுல்ராஜின் தம்பி, பவுல்ராஜின் அப்பா, பவுல்ராஜின் அத்தை என்று வரிசையாக ஜாம் பாட்டில் வெளிச்சங்கள். எல்லாம் அந்தக் குடும்பத்துக் கல்லறைகள். ஊரில் ஒருத்தரை விடாமல் சந்தேகப்பட்டு முடித்திருந்தாள். பால்காரர், மகள், புருஷன், போனில் பேசிய பெண். வேறு யார் பாக்கி?

“அந்தப் பக்கத்துல இருந்து வரலைன்னா…”

ஆக்ஸிலியா போனைக் கவிழ்த்துக் கைப்பைக்குள் போட்டாள். பைக்குள், மே மாசம் அப்பாவிடம் ரத்தம் எடுத்தாளே, அதேமாதிரி ஒரு கண்ணாடிக் குழாய், காலியாக, உறை பிரிக்காமல் கிடந்தது.

பிறகு அம்மாவின் கையை எடுத்துத் தன் கைக்குள் வைத்துக்கொண்டாள். பிள்ளை பயந்துபோயிருக்கிறது, ஆறுதலுக்குப் பிடிக்கிறது என்றுதான் செல்வமேரி முதலில் நினைத்தாள். அவளும் இறுக்கிப் பிடித்தாள்.

அப்புறம்தான் கவனித்தாள். மகளின் இரண்டு விரல்கள் தன் மணிக்கட்டின் உள்பக்கம் நாடியின் மேல் அழுந்தியிருந்தன. மகளின் கண் கைக்கடிகாரத்தில் இருந்தது. உதடு சத்தமில்லாமல் எண்ணிக்கொண்டிருந்தது.